மட்டாஞ்சேரியில் ஒரு ‘பிரைவேட் வாக்’: எங்கே தொடங்குவது, கைடிடம் என்ன கேட்பது?

கொச்சிக்கு வீக்எண்ட் பயணம் என்றால் பெரும்பாலும் இப்படித்தான் நடக்கும். சனிக்கிழமை காலை எர்ணாகுளத்தில் இறங்குவீர்கள். ஃபோர்ட் கொச்சியில் சீன வலை முன்னால் ஒரு போட்டோ, ஒரு காபி, பிறகு ஆட்டோ பிடித்து மட்டாஞ்சேரி. யூதர் தெருவுக்குள் நடந்து போய் நின்றால் சினகாக்கின் கதவு சாத்தியிருக்கும். சனிக்கிழமை யூதர்களின் ஓய்வு நாள் என்பது அப்போதுதான் நினைவுக்கு வரும். திரும்பும் வழியில் இரண்டு மசாலா பாக்கெட், ஒரு ஃப்ரிட்ஜ் மேக்னட். அவ்வளவுதான், ‘மட்டாஞ்சேரி பார்த்தாச்சு’.

ஆனால் அந்த ஆட்டோவில் நீங்கள் தாண்டி வந்த சில கிலோமீட்டருக்குள் மலையாளம் தவிர கொங்கணி, குஜராத்தி, கச்சி, உருது, தமிழ் பேசும் வீடுகள் இருக்கின்றன. கொச்சியின் இந்தப் பழைய பகுதியில் முப்பதுக்கும் அதிகமான சமூகங்கள் வாழ்கின்றன என்பது அங்கே வழக்கமாகச் சொல்லும் கணக்கு. வெளியூர்க்காரர் தனியாக நடந்தால் இது கண்ணில் படாது. ஒரு மரக்கதவும் இன்னொரு மரக்கதவும் ஒரே மாதிரிதான் தெரியும்.

அதனால்தான் இப்போது பலர் உள்ளூர் கைடு ஒருவரை வைத்துக்கொண்டு தங்கள் குழு மட்டும் நடக்கும் ‘பிரைவேட் வாக்’ புக் செய்கிறார்கள். பணம் கொஞ்சம் கூடத்தான். அந்தப் பணத்துக்கு என்ன கிடைக்கும், எந்த வரிசையில் நடக்கலாம், என்ன கேள்வி கேட்கலாம்? விளக்கமாகப் பார்ப்போம்.

பிரைவேட் வாக் என்றால் என்ன?

பொதுவான வாக்கிங் டூரில் பத்து, இருபது பேர் ஒரு கைடின் பின்னால் போவார்கள். பாதை, நிற்கும் இடம், சொல்லும் கதை எல்லாம் முன்பே முடிவானது. கட்டணம் தலைக்கு இவ்வளவு என்று இருக்கும்.

பிரைவேட் வாக்கில் நீங்களும் உங்கள் நண்பர்களும் அல்லது குடும்பமும் மட்டும்தான். கட்டணம் பெரும்பாலும் குழுவுக்கு மொத்தமாக. அதனால் நான்கு பேராகப் போனால் ஆளுக்கு வரும் செலவு குறையும். வயதான அம்மா அப்பா கூட வந்தால் வேகத்தைக் குறைக்கலாம், இடையில் ஆட்டோ வைத்துக்கொள்ளலாம்.

முக்கியமான வித்தியாசம் வேறொன்று. குழு டூரில் ஒரு சங்கடமான கேள்வி கேட்டால் கைடு சிரித்துவிட்டு அடுத்த இடத்துக்குப் போய்விடுவார். பிரைவேட் வாக்கில் நீங்கள் நின்று கேட்கலாம். மட்டாஞ்சேரி மாதிரி ஓர் ஊருக்கு அந்த வசதி அவசியம்.

இவ்வளவு சமூகங்கள் எப்படி வந்தன?

1341-ல் பெரியாற்றில் வந்த பெருவெள்ளத்தில் பழைய துறைமுகமான கொடுங்கல்லூர்ப் பக்கம் தூர்ந்துபோய், கொச்சியின் முகத்துவாரம் பெரிதாகித் துறைமுகமானது என்று பொதுவாக நம்பப்படுகிறது. அதன்பின் மிளகு இந்தப் பக்கம் வந்தது. மிளகைத் தேடி ஆட்கள் வந்தார்கள். 1500-ல் போர்ச்சுகீசியர், 1663-ல் அவர்களைத் தோற்கடித்து டச்சுக்காரர், 1795-ல் பிரிட்டிஷார்.

இந்தக் கப்பல்காரர்கள் கதை பாடப்புத்தகத்தில் இருக்கிறது. மட்டாஞ்சேரியைப் புரிந்துகொள்ள வேறு மாதிரிப் பிரித்துப் பார்க்கலாம். இங்கே வந்தவர்களில் ஒரு பகுதியினர் வியாபாரத்துக்காக வந்தார்கள்: குஜராத்திகள், கச்சி மேமன்கள். ஒரு பகுதியினர் உயிர் தப்பி அடைக்கலம் தேடி வந்தார்கள்: கோவாவில் போர்ச்சுகீசியரின் மதக் கெடுபிடியிலிருந்து வெளியேறிய கொங்கணிகள், கொடுங்கல்லூரை விட்டு வந்த யூதர்கள், ஐரோப்பாவிலிருந்து விரட்டப்பட்ட யூதர்கள். மூன்றாவது, வேலைக்காகக் கொண்டுவரப்பட்டவர்கள். இந்த மூன்றாவது பட்டியலில் தமிழர்கள் இருக்கிறார்கள்.

பெரும்பாலான டூர்கள் சினகாக்கில் ஆரம்பித்து, நேரம் இருந்தால் மட்டும் இந்த மூன்றாவது கூட்டத்தைக் காட்டும். நீங்கள் கைடிடம் தலைகீழாகக் கேளுங்கள். அதற்கு நடைமுறைக் காரணமும் இருக்கிறது: சினகாக் காலை 10 மணிவாக்கில்தான் திறக்கும். உழைப்பாளிகளின் நாள் அதற்கு வெகு முன்பே ஆரம்பித்துவிடும்.

காலை 8 மணி: வேலி தோபி கானா

ஃபோர்ட் கொச்சிக்குப் பக்கத்தில் வேலி என்ற இடத்தில் இருக்கிறது இந்தப் பொதுச் சலவைக்கூடம். ஆளுக்கொரு துவைகல், தண்ணீர்த் தொட்டி, பின்னால் பரந்த வெயில் மைதானம். டச்சுக்காரர்கள் தங்கள் படைவீரர்களின் உடைகளைத் துவைக்கத் தமிழ்ப் பகுதிகளிலிருந்து வண்ணார் குடும்பங்களைக் கூட்டி வந்தார்கள் என்பது இங்குள்ளவர்கள் சொல்லும் வரலாறு. குளத்தங்கரைகளில் நடந்துவந்த தொழிலுக்கு இப்போதுள்ள கட்டடம் 1970-களில் கிடைத்தது. வண்ணார் சங்கம் இதை நடத்திவருகிறது.

துணி காயும் கொடிகளைக் கவனியுங்கள். கிளிப் இருக்காது. இரண்டு கயிற்றை முறுக்கிக் கட்டி, அந்த முறுக்குக்குள் துணியின் ஓரத்தைச் செருகிவிடுவார்கள். கஞ்சி போடுவது, கரிப் பெட்டியால் தேய்ப்பது எல்லாம் இங்கேயே.

பெரியவர்கள் சிலர் உங்களிடம் தமிழில் பேசுவார்கள். மலையாள வாடை கலந்த தமிழ். எந்த ஊர் என்று உங்களைக் கேட்பார்கள். நீங்களும் கேட்கலாம். ஆனால் இது வேலை செய்யும் இடம், கண்காட்சி இல்லை. துவைத்துக்கொண்டிருப்பவர் முகத்துக்கு நேரே கேமரா நீட்டாதீர்கள். முதலில் பேச்சு, பிறகு அனுமதி, அதற்குப் பிறகு போட்டோ. துணியை அவர்களிடமே சலவைக்குப் போடலாமா, அடுத்த நாள் வாங்கிக்கொள்ளலாமா என்றுகூட கைடிடம் கேட்டுப் பாருங்கள். நூறு ரூபாய் நோட்டைக் கையில் திணிப்பதைவிட அது மரியாதை.

காலை 9 மணி: குஜராத்தித் தெரு, கொங்கணிக் கோயில்

வேலியிலிருந்து மட்டாஞ்சேரிக்கு ஒரு சின்ன ஆட்டோ பயணம். குஜராத்தித் தெருவில் சமணக் கோயில், அதன் முன்னால் தானியத்துக்குக் காத்திருக்கும் புறாக் கூட்டம், இனிப்புக் கடைகள். பக்கத்துப் பகுதிகளில் கச்சி மேமன்களின் பள்ளிவாசல், பழைய கிட்டங்கிகள். காலை டிபன் இன்னும் ஆகவில்லை என்றால் இங்கேயே முடித்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது திருமலை தேவஸ்வம் கோயில். கோவாவிலிருந்து வந்த கௌட சாரஸ்வத பிராமணர்களின் வெங்கடாசலபதி கோயில் இது. கேரளத்தின் நடுவில் இருந்தாலும் இவர்கள் வீட்டில் பேசுவது கொங்கணி. நானூறு ஆண்டுகளுக்கும் மேலாக.

இங்கே நின்று கைடிடம் ஒரு புத்தகத்தைப் பற்றிக் கேளுங்கள்: ‘ஹோர்டஸ் மலபாரிகஸ்’. மலபாரின் தாவரங்களைப் பற்றி டச்சு அதிகாரி ஹென்ட்ரிக் வான் ரீடு தொகுத்த 12 தொகுதிகள். 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் லத்தீனில் அச்சானது. அட்டையில் டச்சுக்காரர் பெயர். ஆனால் செடி எது, எந்த நோய்க்கு எந்தப் பச்சிலை என்ற அறிவைக் கொடுத்தவர்களில் இட்டி அச்சுதன் என்ற ஈழவ வைத்தியரும், ரங்க பட், விநாயக பண்டிட், அப்பு பட் என்ற மூன்று கொங்கணி வைத்தியர்களும் முக்கியமானவர்கள். அவர்கள் எழுதிக்கொடுத்த சான்றுரைகள் முதல் தொகுதியிலேயே இருக்கின்றன. அடைக்கலம் தேடி வந்த ஒரு சமூகம் நூறு ஆண்டு கழிந்த பிறகு அந்த மண்ணின் மூலிகைகளை உலகத்துக்குச் சொல்லிக்கொடுத்த கதை இது. நல்ல கைடு இதை இரண்டு நிமிடத்தில் சொல்லிவிடுவார்.

காலை 10 மணி: அரண்மனை

‘டச்சு அரண்மனை’ என்று பெயர்ப் பலகை இருக்கும். கட்டியவர்கள் டச்சுக்காரர்கள் இல்லை. 16-ம் நூற்றாண்டின் நடுவில் போர்ச்சுகீசியர்கள் கட்டிக் கொச்சி ராஜாவுக்குக் கொடுத்தது. பிறகு டச்சுக்காரர்கள் பழுதுபார்த்ததால் அவர்கள் பெயர் ஒட்டிக்கொண்டது. உள்ளே ராமாயணச் சுவரோவியங்கள். அவசரப்படாமல் பாருங்கள். வளாகத்துக்குள் பழையன்னூர் பகவதி கோயில்.

வெளியே வந்து சுற்றுப்புறத்தைக் கவனியுங்கள். அரண்மனைக் கோயிலை ஒட்டியே சினகாக் நிற்கிறது. ராஜா கொடுத்த நிலம் அது.

காலை 10.45: பரதேசி சினகாக்

தமிழில் ‘பரதேசி’ என்றால் திட்டு. இங்கே அதன் நேர்ப் பொருள்: வேற்று தேசத்திலிருந்து வந்தவர். ஸ்பெயின், போர்ச்சுகல் முதலான இடங்களிலிருந்து வந்த யூதர்கள் 1568-ல் கட்டியது இந்த ஜெபாலயம். டச்சுக்காரர்கள் பக்கம் சாய்ந்தார்கள் என்று 1662-ல் போர்ச்சுகீசியர்கள் இதைச் சேதப்படுத்தினார்கள். இரண்டே ஆண்டில் மீண்டும் எழுந்தது. தரையில் இருக்கும் நீல, வெள்ளை ஓடுகள் சீனாவிலிருந்து வந்தவை, கையால் வரைந்தவை. மணிக்கூண்டு 1760-ல் சேர்ந்தது. 1968-ல் நானூறாவது ஆண்டு விழாவுக்குப் பிரதமர் இந்திரா காந்தி வந்தார்.

தமிழர்களுக்கு இங்கே இன்னொரு சங்கதி இருக்கிறது. கி.பி. 1000 வாக்கில் சேர அரசன் பாஸ்கர ரவி வர்மன், ஜோசப் ரப்பான் என்ற யூதத் தலைவருக்கு 72 உரிமைகள் கொடுத்துச் செப்பேடு எழுதித் தந்தார். பல்லக்கு, குடை, பகல் விளக்கு, மேளம் என்று நீளும் பட்டியல். இந்தச் சமூகம் தலைமுறை தலைமுறையாகக் காத்துவந்த அந்தச் செப்பேட்டின் எழுத்து ஹீப்ரு இல்லை. வட்டெழுத்து. பாண்டிய நாட்டுக் கல்வெட்டுகளில் இருக்கும் அதே எழுத்து.

கைடுகள் வழக்கமாகச் சொல்லாத கதை எது?

‘இங்கே எல்லா மதத்தவரும் சண்டையில்லாமல் வாழ்ந்தார்கள்’ என்ற வரியை நீங்கள் கட்டாயம் கேட்பீர்கள். அதில் உண்மை இருக்கிறது. உலகின் பல இடங்களில் விரட்டப்பட்ட யூதர்களுக்கு இங்கே அரண்மனைச் சுவரை ஒட்டி இடம் கிடைத்தது சின்ன விஷயம் இல்லை. ஆனால் அந்த வரியோடு கதை முடிந்துவிடுவதில்லை.

சினகாக்கின் உள்ளே நிற்கும்போது, ‘இங்கே யார் எங்கே உட்கார்ந்தார்கள்?’ என்று கேளுங்கள்.

கொச்சி யூதர்களுக்குள்ளேயே பிரிவுகள் இருந்தன. பல நூற்றாண்டு முன்பே வந்த மலபார் யூதர்கள் எண்ணிக்கையில் அதிகம். பின்னால் வந்த பரதேசிகள் தங்களை ‘வெள்ளை யூதர்’ என்று தனித்து வைத்துக்கொண்டார்கள். மூன்றாவதாக, அடிமைத்தளையிலிருந்து விடுவிக்கப்பட்டவர்களின் வழிவந்தவர்கள். பரதேசி சினகாக்கையே சேர்ந்தவர்கள் என்றாலும் இவர்கள் முன்கூடத்தில், தரையில்தான் உட்கார வேண்டியிருந்தது. வேதம் வாசிக்கும் உரிமையும் இல்லை. சாதியை நமக்குத் தனியாக விளக்க வேண்டியதில்லை. கடல் தாண்டி வந்த மதத்துக்குள்ளும் அது எப்படிப் புகுந்தது என்பதற்கு இந்த முன்கூடம் சாட்சி.

இந்தப் பிரிவில் பிறந்த ஏ.பி. சேலம் (1882–1967) வழக்கறிஞரானார். காங்கிரஸ்காரர், தொழிலாளர்களுக்காக நின்றவர். காந்தி வழியில் தன் சொந்த சினகாக்குக்குள்ளேயே சத்யாகிரகம் செய்தார். தடைகள் மெல்ல மெல்ல விலகின. ‘யூத காந்தி’ என்று அவரைச் சொல்வார்கள். யூதர் தெருவில் அவர் பெயரில் சாலை இருக்கிறது. அந்தப் பலகைக்குக் கீழே நின்று போட்டோ எடுப்பவர்களில் பலருக்கு அவர் யார் என்று தெரியாது.

அதே தெருவில் சற்றுத் தெற்கே நடந்தால் கடவும்பாகம் சினகாக். மலபார் யூதர்களுடையது. 1544-ல் கட்டியதாகச் சொல்லப்படுவது, அதாவது பரதேசி சினகாக்கைவிடப் பழையது. மர வேலைப்பாடு மிகுந்த இதன் உட்பகுதி இன்று ஜெருசலேமில் உள்ள இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. மக்கள் புலம்பெயர்ந்தபின் கட்டடம் கவனிப்பாரற்றுக் கிடந்து, 2019-ல் ஒரு பகுதி இடிந்து விழுந்தது. நூற்றுக்கணக்கானவர்கள் டிக்கெட் எடுத்து ஒரு சினகாக்கைப் பார்க்கிறார்கள். இன்னொன்றை அதே தெருவில் தாண்டிப் போகிறார்கள். கைடு அங்கே நிற்கிறாரா என்பதை வைத்தே அவரை எடை போட்டுவிடலாம்.

நேரம் இருந்தால் கூனன் குரிசுப் பள்ளியும் போகலாம். 1653 ஜனவரி 3 அன்று, போர்ச்சுகீசியப் பாதிரிகளுக்கு இனிக் கீழ்ப்படிய மாட்டோம் என்று தோமா கிறிஸ்தவர்கள் சத்தியம் செய்த இடம். காலனி ஆதிக்கத்தை இந்த ஊர் சும்மா ஏற்றுக்கொள்ளவில்லை என்பதற்கு இது அடையாளம்.

கைடை எப்படித் தேர்ந்தெடுப்பது?

புக் செய்யும் முன் ஒரு போன் பேசுங்கள். ஐந்து நிமிடம் போதும்.

• அடையாள அட்டை: மத்திய சுற்றுலா அமைச்சகம் அல்லது கேரள சுற்றுலாத் துறை அங்கீகரித்த கைடா என்று கேளுங்கள். அட்டை இருப்பதால் மட்டும் கதை நன்றாக வரும் என்று இல்லை. ஆனால் பிரச்சினை வந்தால் கேட்க ஓர் இடம் இருக்கும்.

• ஊர்த் தொடர்பு: மட்டாஞ்சேரியில் வளர்ந்தவரா, குறைந்தபட்சம் அங்கே தினமும் புழங்குகிறவரா? தோபி கானாவில் யாராவது அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் உங்கள் காசு வீணாகவில்லை.

• கட்டணம்: குழுவுக்கா, தலைக்கா? நுழைவுச் சீட்டு, ஆட்டோ, சாப்பாடு சேர்த்தியா? எத்தனை மணி நேரம்? எழுத்தில், வாட்ஸ்அப்பிலாவது வாங்கிவிடுங்கள்.

• ஷாப்பிங்: ‘கடைக்குக் கூட்டிப் போவீங்களா?’ என்று நேரடியாகக் கேளுங்கள். பழம்பொருள், பஷ்மினா, மசாலா கடைகளில் கைடுக்குக் கமிஷன் கிடைப்பது சுற்றுலாத் தொழிலில் சகஜம். வேண்டாம் என்றால் முன்பே சொல்லிவிடலாம். அதற்கேற்ப அவர் கட்டணம் கொஞ்சம் கூடுதலாகக் கேட்டால் அது நியாயம்தான்.

• மொழி: தமிழ் பேசும் கைடுகள் கிடைப்பார்கள். பெற்றோரோடு போகிறீர்கள் என்றால் ஆங்கிலத்தைவிட அது பல மடங்கு உபயோகம்.

எந்த நாள் போகலாம்?

இங்கேதான் வீக்எண்ட் ஆட்கள் மாட்டிக்கொள்கிறார்கள். அரண்மனை அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. சினகாக் வெள்ளி மதியத்தோடு மூடி, சனி முழுக்கத் திறக்காது. யூதப் பண்டிகை நாட்களிலும் அப்படித்தான். ஞாயிறு இரண்டும் பார்க்கலாம், ஆனால் மொத்த வியாபாரக் கடைகள் பெரும்பாலும் சாத்தியிருக்கும். கோயில்கள் காலையும் மாலையும்தான் திறந்திருக்கும், நடுப்பகலில் இல்லை.

ஆக, திங்கட்கிழமை ஒரு நாள் லீவு கிடைத்தால் அதுதான் சிறந்தது. கிடைக்காவிட்டால் ஞாயிறு காலை நடை, சனிக்கிழமை ஃபோர்ட் கொச்சி என்று பிரித்துக்கொள்ளுங்கள். எர்ணாகுளத்திலிருந்து ஃபோர்ட் கொச்சிக்கு வாட்டர் மெட்ரோ இருக்கிறது. ரோடு டிராஃபிக்கில் சிக்காமல் காயலில் வரலாம்.

ஜூன் முதல் மழை. குடை எடுத்துக்கொள்ளுங்கள். மற்ற மாதங்களில் புழுக்கம். தண்ணீர் பாட்டில், எளிதில் கழற்றும் செருப்பு, தோளும் முழங்காலும் மறையும் உடை. சினகாக்கிலும் கோயிலிலும் உடை, போட்டோ விதிகளை வாசலிலேயே கேட்டுவிடுங்கள். ‘ஒரே ஒரு போட்டோ’ என்று காவலாளியிடம் கெஞ்ச வேண்டாம்.

நடையின் முடிவில்

யூதர் தெருவிலேயே மிளகு வியாபாரிகளின் சங்கக் கட்டடம் இருக்கிறது. 1957-ல் தொடங்கிய முன்பேர வர்த்தகச் சந்தை. ஒரு காலத்தில் தரகர்கள் கூவிக் கூவி விலை பேசிய இடம். அந்தக் கூச்சல் இப்போது இல்லை. கிட்டங்கிகளில் பல கலைப்பொருள் கடைகளாகவும் கஃபேக்களாகவும் மாறிவிட்டன. 2012-ல் கொச்சி-முசிரிஸ் பினாலே ஆரம்பித்ததிலிருந்து அந்த மாற்றம் இன்னும் வேகமானது.

யூதர்களில் பெரும்பாலோர் 1950-களில் இஸ்ரேலுக்குப் போய்விட்டார்கள். மட்டாஞ்சேரியில் எஞ்சியவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள். முழுமையான கூட்டு வழிபாட்டுக்குப் பத்து ஆண்கள் வேண்டும் என்பது மரபு. அந்தப் பத்துப் பேருக்கு வெளியூர் யூதப் பயணிகளை நம்பியிருக்கும் நிலை. இந்தத் தெருவில் எம்பிராய்டரி கடை நடத்திய சாரா கோஹென் 2019-ல், 96 வயதில் காலமானார். கடைசிக் காலத்தில் அவரைப் பார்த்துக்கொண்டதும், கடையைத் தொடர்ந்து நடத்தியதும் ஒரு முஸ்லிம் நண்பர்.

கைடிடம் விடைபெறும் முன் ஒரு கடைசிக் கேள்வியை மட்டும் மறக்காதீர்கள்: ‘இந்தத் தெருவில் இப்போது யார் குடியிருக்கிறார்கள்? வாடகை ஏறி யார் வெளியே போனார்கள்?’ அதற்கு அவர் தரும் பதில் எந்த வழிகாட்டிப் புத்தகத்திலும் இருக்காது. ஒருவேளை அவரே அப்படி வெளியே போனவராக இருக்கலாம். அப்படியானால் அருகிலிருக்கும் டீக்கடையில் உட்கார்ந்து, இன்னும் அரை மணி நேரம் அவர் பேசுவதைக் கேளுங்கள். டீக்கு நீங்கள் காசு கொடுங்கள்.